பட்ஜெட்டை வாசிக்கச் சொன்ன அம்பேத்கர்

ஏப்ரல் 14 அன்று நம் தெருக்களின் சுவரொட்டிகளில் பாபாசாகேப் அரசியல் சட்டத்தைக் கையில் ஏந்தி நிற்கிறார். ஆனால் கொலம்பியாவிலும் லண்டனிலும் அவர் பெற்ற இரண்டு முனைவர் பட்டங்களும் பொருளாதாரத்துக்கானவை. அந்த அம்பேத்கரை நாம் போதுமான அளவு வாசிக்கவில்லை.

1915இல் எம்.ஏ. பட்டத்துக்காக அவர் எழுதியது கிழக்கிந்தியக் கம்பெனியின் நிர்வாகத்தையும் நிதியையும் பற்றி. 1858இல் கம்பெனி ஆட்சி முடிந்தபோது அதன் கடன் இந்தியர் தலையில் ஏற்றப்பட்டதை அதில் கண்டித்தார். 1923இல் ரூபாயின் சிக்கல் பற்றிய நூல் வந்தது. 1925இல் பிரிட்டிஷ் இந்தியாவின் மாகாண நிதி பற்றிய நூல் வெளியானது.

இந்த மூன்றாவது நூல் இன்றும் நமக்கு உதவும். 1833க்குப் பிறகு நிதி அதிகாரம் முழுவதும் மைய அரசிடம் குவிந்தது. மாகாணங்கள் வரியை வசூலித்தன, செலவும் செய்தன. ஆனால் பணம் அவற்றுடையதல்ல. அதனால் சிக்கனமாக இருக்க அவற்றுக்கு எந்தக் காரணமும் இல்லை. 1871இல் நிலையான மானியம், 1877இல் சில வருவாய் இனங்கள், 1882இல் பங்கு வருவாய் என்று ஏற்பாடு மாறிக்கொண்டே வந்தது. இதை ஆராய்ந்த அம்பேத்கர், அரசுகளுக்குள் பணத்தைப் பிரித்துக்கொள்வது மட்டும் போதாது என்றார். நிர்வாகம் சட்டமன்றத்துக்குப் பதில் சொல்ல வேண்டும் என்றார்.

1927இல் பம்பாய் சட்டமன்றத்தின் பட்ஜெட் விவாதத்தில் இதே கேள்வியை வரிக்குப் பொருத்தினார். வருமானம் இல்லாதவருக்கு வருமான வரி இல்லை. ஆனால் விளைந்தாலும் விளையாவிட்டாலும் ஏழை விவசாயி நிலவரி கட்டியாக வேண்டும். இது என்ன நியாயம் என்று கேட்டார். 1949இல் அரசியல் நிர்ணய சபையில், தலைமைக் கணக்குத் தணிக்கையாளரே அரசியல் சட்டத்தின் மிக முக்கியமான அதிகாரியாக இருக்கக்கூடும் என்றார்.

இந்தப் பார்வை நமக்கு ஏன் வேண்டும்? மக்கள்தொகைக்கு ஏற்ப பட்டியல் சாதியினருக்கு நிதி ஒதுக்கும் சிறப்புக் கூறுத் திட்டம் 1979-80இல் வந்தது. 2011 கணக்கெடுப்பின்படி நாட்டில் நாம் 16.6 விழுக்காடு. ஆனால் டெல்லியில் அந்த நிதியே காமன்வெல்த் விளையாட்டுப் போட்டிக்குத் திருப்பிவிடப்பட்டது 2010இல் அம்பலமானது. உள்துறை அமைச்சரே நாடாளுமன்றத்தில் அதை ஒப்புக்கொண்டார்.

திட்டச் செலவு, திட்டம் சாராச் செலவு என்ற பிரிவினை 2017-18இல் போனது. இப்போது பட்டியல் சாதியினருக்கான ஒதுக்கீடு ஒன்றிய பட்ஜெட் ஆவணத்தில் 10ஏ அறிக்கையாக வருகிறது. அதில் விடுதியும் கல்வி உதவித்தொகையும் மட்டும் இல்லை. எல்லோருக்குமான பொதுத் திட்டங்களின் ஒரு பங்கும் நம் கணக்கில் எழுதப்படுகிறது.

தோழர்களே, அடுத்த பட்ஜெட் வந்ததும் அந்த அறிக்கையைத் திறந்துவையுங்கள். ஒவ்வொரு வரியிலும் மூன்று கேள்விகள் கேளுங்கள்: பணம் யாருடையது? யாருக்குப் போய்ச் சேர்ந்தது? யார் பதில் சொல்வது? சிலைக்கு மாலை போடும் கைகள் கணக்கையும் புரட்டட்டும்.

ஜெய்பீம்.