முகமறிந்து பெயரறியா நடிகர்

அமெரிக்கப் பேசும்படங்களைப் பற்றி எழுதப்புகுவோர் பெரும்பாலும் ராஜபார்ட் நடிகர்களின் புகழைப் பாடியே அமைவர். அக்கதாநாயகர்முன் வரி கேட்டும், வழக்குத் தொடுத்தும், ஒரு நிமிஷம் நின்று மறையும் சிறு வேஷக்காரரைக் குறித்து ஒரு வரியேனும் காண்டல் அரிது. அன்னாருள் ஒருவராகிய சார்லஸ் லேன் என்பாரது வரலாற்றை நம் வாசகர்கட்கு ஈண்டுச் சுருங்க உரைக்க விரும்புகின்றோம்.

இவர் 1905-ஆம் வருஷம் ஜனவரி மாதம் 26-ந் தேதி ஸான் பிரான்ஸிஸ்கோ நகரில் பிறந்தார். மறு வருஷம் ஏப்ரலில் அந்நகரைப் பாழ்படுத்திய பூகம்பத்தில் உயிர் தப்பிய குழந்தைகளுள் இவரும் ஒருவர். வாலிபத்தில் இன்ஷூரன்ஸ் தொழில் செய்துவந்தவரை நாடகத்தின்பால் திருப்பியவர் இர்விங் பிச்செல் என்னும் நடிகர். பாஸடீனா நாடகசாலையில் பயின்று, 1930-ஐ ஒட்டி ஹாலிவுட் சேர்ந்தார்.

மெலிந்த உடல், கூரிய மூக்கு, மூக்குக்கண்ணாடி, வெடுக்கென்ற பேச்சு. இவற்றைக் கண்ட படமுதலாளிகள் அவருக்கு ஒரே வேஷத்தை முடிவுசெய்துவிட்டனர். ஓட்டல் குமாஸ்தா, வரி அதிகாரி, வக்கீல், நிருபர் என்று பெயர்தான் மாறுமேயன்றி, கடுகடுத்த முகம் மாறாது. கூலி நாளொன்றுக்கு 35 டாலர். ஓரிடத்தில் இரண்டு வாக்கியம் பேசி முடித்து, உடை மாற்றி, வேறிடத்தில் வேறு படத்திற்கு இரண்டு வாக்கியம் பேசுவார். 1933-ஆம் வருஷத்தில் மட்டும் 23 படங்களில் தோன்றினார். பொழுதுபோக்காகக் கொட்டகைக்குச் சென்றவிடத்து, எதிர்பாராமல் திரையில் தம்மையே கண்டு வியந்ததுண்டென அவரே பிற்காலத்திற் கூறினார். இது கேட்க நகைப்பாயினும், உழைத்தவனுக்குத் தான் உழைத்த பொருள் இன்னதென்பதே தெரியாத நிலையன்றோ இது? அப்படங்கள் பலவற்றின் பெயர்ப்பட்டியலில் அவர் பெயரும் இல்லை.

அவ்வருஷம் மார்ச்சு மாதத்தில் பொருளாதார மந்தத்தைக் காரணங்காட்டி, ஒப்பந்த நடிகரின் சம்பளத்திற் பாதியை முதலாளிகள் குறைத்தனர். வேலை நேரத்திற்கோ வரம்பில்லை. இதனை எதிர்த்துச் சில மாதங்களுள் எழுந்த திரை நடிகர் சங்கத்தின் தொடக்க அங்கத்தினருள் லேனும் ஒருவர். பெரிய நட்சத்திரங்கள் சங்கத்திற் சேர்வது போற்றத்தக்கதே. ஆனால் நாட்கூலிக்காரர் சேர்வதில் வேறோர் அபாயம் உண்டு. மறுநாள் அழைப்பு வராவிடின் அவர்க்கு அடுப்பெரியாது. முதலாளிகள் அச்சங்கத்தை ஏற்றுக்கொள்ள 1937 வரை சென்றது.

அவரது திறமையை நன்கறிந்தவர் பிராங்க் காப்ரா என்னும் டைரெக்டர். 1938-ஆம் வருஷத்திய ‘யூ கான்ட் டேக் இட் வித் யூ’ என்னும் படத்தில், வருமான வரி கட்டாத கிழவரிடம் வந்து, சர்க்கார் அப்பணத்தை என்ன செய்கிறதென்னும் கேள்விக்கு விடை சொல்லித் திணறும் அதிகாரி இவரே. 1946-ஆம் வருஷத்திய ‘இட்ஸ் எ வொண்டர்ஃபுல் லைஃப்’ படத்தில் கொடிய செல்வனிடம் ஊழியராயிருந்து, ஏழைகள் சொந்த வீடு கட்டிக் குடியேறுவதால் எஜமானனுக்கு வாடகை குறையுமென்று கலங்காமல் எடுத்துரைப்பவரும் இவரே. அக்காட்சி மிகச் சிறியது. எனினும், உண்மையை மறைக்காத ஊழியன் ஒருவனை அங்கு வைத்ததனால், வில்லனின் அச்சம் நமக்கு விளங்குகிறது. காப்ரா இவரைத் தமக்கு ஊன்றுகோலெனக் குறித்துக் கடிதம் எழுதினார். அதனை இவர் பெரிதும் மதித்தார்.

நாடகசாலையில் பலவகைப் பாத்திரங்களைத் தாங்கிய தமக்குச் சினிமாவில் சிடுமூஞ்சி வேஷமே வாய்த்ததென்று அவர் வருந்தினார். அவ்வருத்தம் நியாயமானதென்பதே எம் கருத்து. வீட்டிலோ அவர் இனிய சுபாவம் வாய்ந்தவர். 1931-ல் மணந்த மனைவியுடன் அவ்வம்மையார் 2002-ல் மறையும்வரை 70 ஆண்டுகட்குமேல் வாழ்ந்தார்.

யுத்தகாலத்திற் கடலோரக் காவற்படையிற் பணிபுரிந்து மீண்டபின், டெலிவிஷனிலும் அதே முகம். 1960-களில் ‘பெட்டிகோட் ஜங்ஷன்’ என்னும் தொடரில், கிராமத்துச் சிறு ரயிலை நிறுத்திவிட ஓயாமல் முயலும் ரயில்வே அதிகாரியாக வந்தார்.

2005-ஆம் வருஷத்தில், 100 வயது நிரம்பிய அவரை ஒரு டெலிவிஷன் விருதுச் சபையிற் கௌரவித்தனர். நாற்காலியில் இருந்தபடியே, யாருக்கேனும் தேவையானால் தாம் இன்னும் வேலைக்குத் தயாரென்று கூறினார். 2007-ஆம் வருஷம் ஜூலை மாதம் 9-ந் தேதி, தமது 102-வது வயதிற் காலமானார்.