வாவிக்கரை வரலாறும் வழிகாட்டியும்

ஒரு நாட்டின் பழமையை ஒரே பகற்பொழுதிற் காட்டிவிடல் கூடுமோ என்னும் வினாவுக்கு, கூடும் என்று தொழில்முறையாகவே விடையிறுப்போர் வழிகாட்டிகள். யப்பான் தேசத்தில் இத்தொழில் ஒரு கலையாகவே வளர்ந்துள்ளது. அயல்நாட்டாருக்குக் கூலி பெற்று வழிகாட்டுவோர் அரசாங்கத் தேர்விலே தேறியிருத்தல் வேண்டுமென அந்நாட்டில் 1949ஆம் ஆண்டிலே சட்டம் இயற்றப்பட்டது. 2018ஆம் ஆண்டிலேதான் அக்கட்டாயம் தளர்த்தப்பட்டது. கி.பி. 710 முதல் 784 வரை தலைநகராயிருந்த நாராவுக்குச் செல்லும் பயணி, அத்தகைய ஒருவரை ஒரு நாளைக்கு அமர்த்திக்கொண்டு தோதாயிசிப் பெருங்கோயிலைச் சுற்றி வரலாம். ஆங்கு வீற்றிருக்கும் பெரும் புத்தர் படிமத்துக்கு 752ஆம் ஆண்டிலே கண்திறப்புச் சடங்கை நிகழ்த்தியவர் தென்னிந்தியர் எனப்படும் போதிசேனர் என்னும் துறவி. தம் நாட்டின் பெரும் படிமத்துக்குக் கண் திறந்தவர் பிற நாட்டவர் என்பதை அக்கோயிலின் வரலாறு மறைத்ததில்லை. அதனைப் பெருமையாகவே பேணிவந்துள்ளது.

இச்செய்தியை ஈண்டுக் கூறுவது யப்பானைப் புகழ்வதற்கன்று; மட்டக்களப்பு வாவிக்கரையில் அத்தகைய ஒரு நாட்பயணம் எவ்வாறு அமைகின்றது, எவ்வாறு அமைதல் வேண்டும் என்று எண்ணிப் பார்ப்பதற்கேயாம்.

மட்டக்களப்புக்கு வரும் பயணிக்கு ஒரு மோட்டார் வண்டியும் ஒரு வழிகாட்டியும் ஒரு நாளும் கிடைத்தால் அவர் காண்பன யாவை? மேல்நாட்டவராயின் ஒல்லாந்தர் கோட்டையும் வெளிச்சவீடும் கல்லடிப் பாலமும் காட்டப்படும். இந்துவாயின் மாமாங்கேசுவரமும் கொக்கட்டிச்சோலையும் மண்டூரும் காட்டப்படும். முஸ்லிமாயின் பள்ளிவாசல்களே பயணத்தின் எல்லையாகும். கிறித்தவருக்குத் தேவாலயங்களும், 1814இல் இங்கு வந்து பாடசாலை தொடங்கி மறு ஆண்டே உயிர்நீத்த வில்லியம் ஓல்ட் பாதிரியாரின் நினைவுச் சின்னமும் உண்டு. நான்கு பயணிகளும் மாலையில் ஒரே விடுதிக்குத் திரும்பி உரையாடுவாராயின், தாம் கண்டது ஒரே ஊரைத்தானா என்று ஐயுறுவர். காத்தான்குடியோ இந்நால்வருள் மூவருக்கு வண்டியின் சாளரத்தூடே ஓடி மறையும் ஒரு கடைத்தெரு. நெடுஞ்சாலையின் நடுவே நிற்கும் பேரீச்ச மரங்கள் கண்ணிற் பட்டு நீங்கும், அவ்வளவே.

எனவே நம் நாட்பயணம் கோட்டையிலன்றிக் காத்தான்குடியிலேயே தொடங்குக. மட்டக்களப்பு நகரிலிருந்து தெற்கே ஏறத்தாழ ஆறு கிலோமீற்றரில், கிழக்கே வங்கக் கடலும் மேற்கே வாவியும் நெருக்க, இடைப்பட்ட மணற்பட்டையிலே அமைந்தது இவ்வூர். வாவி ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளமுடையது. அதன் கீழ்க்கரையை எழுவான்கரை என்றும் மேல்கரையைப் படுவான்கரை என்றும் மக்கள் வழங்குவர். ஞாயிறு எழும் திசையும் படும் திசையும் நிலத்துக்குப் பெயராயின. இத்துணை அழகிய நிலப்பெயர்கள் தமிழ் வழங்கும் நாடுகளிலே மிகுதியாக இல்லை. எழுவான்கரை மீனுக்கும் தென்னைக்கும் வணிகத்துக்கும் உரியது. படுவான்கரை நெல்லுக்கும் மாட்டுக்கும் உரியது. ஒரு கரையின்றி மறுகரை வாழ்ந்ததில்லை.

காத்தான் என்பவனொருவன் குடியேறிய இடம் காத்தான்குடி என்பர். அவன் யாவனென்பது பற்றிக் கதைகள் பல. கதை எதுவாயினும் பெயர் தூய தமிழ்ப் பெயர். களுவாஞ்சிகுடி முதலிய அண்டை ஊர்ப் பெயர்களோடு ஓரினமானது. இங்குள்ள முஸ்லிம்களின் வருகை பற்றி வழிகாட்டிகள் கூறும் செய்தி ஒன்று உண்டு: 1626ஆம் ஆண்டிலே போர்த்துக்கீசர் தம் ஆட்சிப் பகுதியினின்றும் சோனகரை வெளியேற்றியபோது, கண்டி மன்னன் செனரதன் அவர்களுள் நாலாயிரவரை மட்டக்களப்புப் பகுதியிலே குடியேற்றினான் என்பது. கண்டியரசன் அடைக்கலம் அளித்த செய்தி போற்றற்குரியதே. ஆயினும் அதனை முஸ்லிம்களின் தொடக்கமாகக் கொள்வது பொருந்தாது. அவர்தம் வணிகத் தொடர்பு அதற்கு முற்பட்டது. அவர்தம் குடிமுறையோ இம்மண்ணிலேயே ஆழ வேரூன்றியது.

குடிமுறையைச் சிறிது விரித்துக் கூறுதல் வேண்டும். ஏனெனில் இவ்வட்டாரத்தின் தனிச்சிறப்பு கோட்டையிலும் இல்லை, பாலத்திலும் இல்லை, இம்முறையிலேயே உள்ளது. யாழ்ப்பாணத்திலிருந்து வரும் மாணவனுக்கு இது புதுமையாகத் தோன்றும். மட்டக்களப்பிலிருந்து தெற்கே அக்கரைப்பற்று வரையிலும் அதற்கப்பாலும் வாழும் தமிழரும் முஸ்லிம்களும் தாய்வழியாகவே குடி எண்ணுவர். ஒருவன் தந்தையின் குடியைச் சேர்ந்தவனல்லன். தாயின் குடியைச் சேர்ந்தவன். ஒரே குடிக்குள் மணம் இல்லை. மகளுக்கு மணமாகும்போது வீடு சீதனமாக அவளுக்கே செல்லும். மணமகன் மனைவியின் வீட்டிற் குடிபுகுவான். கோயிலிலே குடிக்கு ஒருவராக வண்ணக்கர் அமர்ந்து நிருவாகம் செய்தனர். பள்ளிவாசலிலே அதே முறைப்படி குடிக்கு ஒருவராக மரைக்காயர் அமர்ந்தனர். பெயர் வேறு, இறைவழிபாடு வேறு, அமைப்பு ஒன்றே. வண்ணக்கர் எவ்வாறு தெரிவு செய்யப்பட்டனர் என்பதை அறிந்தவனுக்கு மரைக்காயரைப் பற்றித் தனியே விளக்க வேண்டுவதில்லை.

முக்குவர் வழமை எனப்பட்ட பழைய சொத்துரிமை முறையைக் கிறித்தி பிரித்தோ என்பார் 1876ஆம் ஆண்டில் நூலாக்கினார். அதே ஆண்டில் ஆங்கில அரசு இயற்றிய சொத்துரிமைச் சட்டம் அவ்வழமையின் வலிமையைப் பெரிதும் குன்றச் செய்தது. சட்டம் மாறியபோதும் சீதன வீடு மாறவில்லை. மலையாள நாட்டுத் தாய்வழி முறையோடு இதற்குள்ள ஒற்றுமையை ஆராய்ச்சியாளர் சுட்டுவர். இரு சமயத்தாரும் ஒரே முறையைக் கைக்கொண்டமைக்கு ஊர்வழக்கு தரும் விளக்கம் சுவையானது: முக்குவருக்கும் திமிலருக்கும் பகை மூண்டபோது முஸ்லிம் வீரர் முக்குவருக்குத் துணைநின்றனர், வெற்றிக்குப் பின் முக்குவர் அவர்க்குப் பெண் கொடுத்தனர், தாய்வழி வந்த குடிப்பெயர்கள் இரு சாராருக்கும் பொதுவாயின. இதனை வரலாறென்று ஆணையிட்டுக் கூற இயலாது. ஆயினும் ஒரு மக்கட்கூட்டம் தன் அயலவரைத் தாய்வழி உறவினரென்று கதைசொல்லி வந்திருக்கின்றது என்பதே ஒரு வரலாற்றுச் செய்தியன்றோ?

காத்தான்குடியிலே 2015ஆம் ஆண்டில் ஒரு பூர்வீக நூதனசாலை திறக்கப்பட்டது. பழைய வாழ்க்கை முறைகளும் தொழில்களும் ஆளுயர உருவங்களாக அங்கே அமைக்கப்பட்டன. உருவம் சமைத்தல் மார்க்கத்துக்கு இயையுமோ என்னும் வாதமும் உடன் எழுந்தது. நம் கல்லூரி மாணவர் காணவேண்டிய இடம் அது. பாட்டன்மார் பயன்படுத்திய பொருள்களைக் கண்டு, எங்கள் வீட்டிலும் இஃது இருந்ததே என்று இந்துப் பிள்ளையொருவன் வியப்பானாயின், அந்த வியப்புக்காகவே பயணச் செலவு தகும்.

இனி, வழிகாட்டி குரலைத் தாழ்த்த வேண்டிய இடத்துக்கு வருவோம். 1990ஆம் ஆண்டு ஆகத்து மாதம் 3ஆம் நாள் இரவு, காத்தான்குடி மீரா ஜும்மாப் பள்ளியிலும் ஹுசைனியாப் பள்ளியிலும் இஷாத் தொழுகையில் நின்றோர் சுட்டுக் கொல்லப்பட்டனர். நூற்றுக்கு மேற்பட்டோர் மாண்டனர். சிறுவரும் அவருள் அடங்குவர். இதனைச் செய்தோர் தமிழீழ விடுதலைப் புலிகள் என்பது பரவலாக ஏற்கப்பட்ட முடிபு. அவ்வியக்கம் அதனை மறுத்தது. குண்டு துளைத்த வடுக்கள் பள்ளிச் சுவரிலே இன்றும் காக்கப்பட்டுள்ளன. தமிழ் வழிகாட்டி ஒருவர், இந்துக் கல்லூரியிற் கற்றவர், இச்சுவரின் முன் பயணியை நிறுத்திக் கூறத் தயங்குவது இயல்பு. தயங்கினும் கூறுதல் வேண்டும். அவ்வாண்டு செத்தெம்பர் 9ஆம் நாள் மட்டக்களப்பின் வடக்கே சத்துருக்கொண்டானிற் கொல்லப்பட்ட தமிழரைப் பற்றியும் அதே குரலிற் கூறுதல் வேண்டும். ஒன்றைக் கூறி மற்றொன்றை விழுங்கும் வழிகாட்டி வழக்கறிஞராகலாம், வரலாற்றாசிரியராகார். 2019ஆம் ஆண்டு ஏப்பிரில் 21ஆம் நாள் ஈஸ்தர்த் தாக்குதல்களை நடத்திய கூட்டத்தின் தலைவன் இவ்வூரிற் பிறந்தவன் என்பதும், அன்று மட்டக்களப்புச் சீயோன் தேவாலயத்திற் குழந்தைகளும் மாண்டனர் என்பதும் மறைக்கத் தக்கனவல்ல. ஒருவன் செயலை ஊரின் தலைமேல் ஏற்றிய அநீதியும் அவற்றோடு சேர்த்தே சொல்லத் தக்கது.

காத்தான்குடிக்குத் தெற்கே சென்று மண்முனைப் பாலத்தால் வாவியைக் கடக்கலாம். முன்னாளில் ஓடமும் பாதையுமே வழி. 2014ஆம் ஆண்டிலே யப்பானிய அரசின் உதவியால் இப்பாலம் கட்டி முடிக்கப்பட்டது. கல்லடியில் ஆங்கிலேயர் காலத்து இரும்புப் பாலத்தின் அருகே 2013இல் எழுந்த புதிய பாலமும் யப்பானிய உதவியால் ஆனதே. நாராவின் பெரும் புத்தருக்குக் கண் திறந்த தென்னாட்டாரின் கடனை யப்பானியர் பன்னிரு நூற்றாண்டு கழித்துப் பாலமாகத் திருப்பினர் என்று வழிகாட்டி ஒருவர் நகையாடினால், பயணி சிரிப்பார். நாமும் தடுக்க வேண்டுவதில்லை.

மண்முனை, உலகநாச்சி என்னும் கலிங்க இளவரசியோடு தொடர்புபடுத்தி மட்டக்களப்பு மான்மியத்திற் கூறப்படும் இடம். எப்.எக்ஸ்.சி. நடராசா அவர்கள் 1962இல் அந்நூலைப் பதிப்பித்ததன் பின்னரே இக்கதைகள் ஏட்டிலிருந்து மாணவர் கைக்கு வந்தன. அப்பாலுள்ள கொக்கட்டிச்சோலைத் தான்தோன்றீசுவரத்தில், பறங்கி அதிகாரியின் முன் கல் நந்தி எழுந்து புல்லுண்டது என்னும் ஐதிகம் இன்றும் கூறப்படுகின்றது. சிலர் அவ்வதிகாரியைப் போர்த்துக்கீசர் என்பர். சிலர் ஒல்லாந்தர் என்பர். கோயில்களை இடித்த காலத்து அச்சத்தையும் ஆறுதலையும் அந்நந்தி சுமந்து நிற்கின்றது. இவ்வட்டாரத்திலே 1991ஆம் ஆண்டு சூன் 12ஆம் நாள் ஊர்மக்கள் பலர் படையினராற் கொல்லப்பட்டனர். அதனை ஆராய ஒரு விசாரணை ஆணைக்குழுவும் அமைக்கப்பட்டது. படுவான்கரையிலும் குரலைத் தாழ்த்த வேண்டிய இடங்கள் உண்டு.

பிற்பகலிற் புளியந்தீவுக் கோட்டை. 1602ஆம் ஆண்டு மே மாத இறுதியில் யோரிசு வான் இசுப்பில்பேர்க்கன் என்னும் ஒல்லாந்தக் கப்பற்றலைவன் இக்கரையில் நங்கூரமிட்டான். அவனைப் போர்த்துக்கீசனென்றே முதலில் ஐயுற்றனர். பின்னர் அவன் உள்நாட்டு வழியே கண்டிக்கு அழைத்துச் செல்லப்பட்டு விமலதர்மசூரியனைக் கண்டான். மறு ஆண்டு வந்த செபால்டு தெ வேர்ட்டு மன்னனோடு பிணங்கித் தன் தோழரோடு மட்டக்களப்பிலே கொல்லப்பட்டான். 1628இற் போர்த்துக்கீசர் கட்டிய கோட்டையை 1638ஆம் ஆண்டு மே 18ஆம் நாள் வெசுத்தர்வோல்ட்டு என்னும் ஒல்லாந்தத் தளபதி கைப்பற்றினான். ஐந்து நாள் கழித்து இரண்டாம் இராசசிங்கனுக்கும் ஒல்லாந்தருக்கும் உடன்படிக்கை எழுதப்பட்டது. கைப்பற்றும் கோட்டைகளில் ஒல்லாந்தர் காவற்படை வைக்கலாம் என்பது ஒரு விதி. அரசன் விரும்பினால் மட்டும் என்னும் பொருள்படும் சொற்கள் மன்னனுக்குரிய படியில் இருந்தன. ஒல்லாந்தர் படியில் இல்லை. அச்சில சொற்களின் பொருட்டு இரு சாராரும் பல்லாண்டு பூசலிட்டனர். தீவின் கரையோரம் கைம்மாறிய கதைக்கு அதுவே தோற்றுவாய் எனினும் மிகையாகாது.

கொத்தளங்களின் எண்ணிக்கையையும் பீரங்கிகளின் நீளத்தையும் வழிகாட்டிகள் தவறாமற் கூறுவர். இந்த உடன்படிக்கையைக் கூறுவோர் சிலரே. 1795இல் ஆங்கிலேயர் வந்தனர். கோட்டை நெடுங்காலம் கச்சேரியாக இருந்தது. அதற்குமேல் அங்கு நின்று காலம் போக்க வேண்டுவதில்லை.

இரவுக்கு உரியது பாடும் மீன். கல்லடியிற் சிவானந்த வித்தியாலயத்தை 1929இல் நிறுவி, அங்கேயே சமாதி கொண்டுள்ள விபுலானந்த அடிகள் இவ்விசையை நீரர மகளிரின் பாடலாகக் கண்டார். 1848ஆம் ஆண்டிலே எமர்சன் தெனந்து என்னும் ஆங்கில அதிகாரி நிலவொளியில் ஓடத்திற் சென்று இதனைக் கேட்டுத் தம் நூலில் எழுதிவைத்தார். மெல்லிய வீணை நரம்பொலி போன்ற ஓசைகள் நீரடியிலிருந்து எழுந்தன என்றும், ஓடத்தின் மரத்திற் காதை வைத்தபோது அவை மிகுந்து கேட்டன என்றும் அவர் கூறுகின்றார். ஆனால் அவரை அழைத்துச் சென்ற மீனவர் அதனை மீனின் பாட்டென்று கூறவில்லை. ஊரி என்னும் சிப்பியே ஒலிக்கின்றது என்றனர். உயிருள்ள ஊரிகளை எடுத்துவந்து அவர் முன் வைத்தனர். ஊரிக்கு அவர்கள் வழங்கிய பெயரையும் தெனந்து தம் காதிற் பட்டவாறே ஆங்கில எழுத்திற் பொறித்துள்ளார். பாடும் மீனின் சிலையை நகர்தோறும் காட்டும் இக்காலத்து வழிகாட்டி, அந்த ஓடக்காரர் எடுத்துவந்த ஊரியையும் பயணியின் கையில் ஒன்று கொடுத்துவிட்டு, பின்னர்த் துடுப்பை நீரில் இறக்கி அதன் மேல்நுனியிற் காதை வைக்கச் சொல்லலாம்.