குற்றவாளியா, சுற்றவாளியா? கூண்டில் சொல்லும் ஒரு சொல்லின் வரலாறு



ஹட்டனிலோ நுவரெலியாவிலோ வழக்கு என்றால் நம்மில் பலர் சொல்லும் வார்த்தை ஒன்று உண்டு: "ஒத்துக்கொண்டால் இன்றைக்கே முடிந்துவிடும். இன்னொரு நாள் பேர் போகாது." அப்படிச் சொல்வதற்கு முன், அந்தக் கூண்டில் நம் தோட்டத்து முன்னோர் எதற்காக நின்றார்கள் என்பதைக் கொஞ்சம் பார்ப்போம்.

1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கத் தொழிற் கட்டளைச் சட்டத்தின்படி, முன்னறிவித்தல் இல்லாமல் தோட்டத்தை விட்டுப் போவது குற்றம். வேலைக்குப் போக மறுப்பது குற்றம். துரையிடம் மரியாதைக் குறைவாக நடந்தாலும் குற்றம். இவற்றுக்கு மூன்று மாதம் வரை சிறை கொடுக்கலாம். கடனும் துண்டு முறையும் ஒரு பக்கம் கட்டிப்போட்டன. அதையும் மீறிப் போனவரைப் பிடியாணை தேடி வந்தது. இன்று வேலையை விட்டால் அது நமக்கும் கம்பனிக்கும் இடையிலான விஷயம். அன்று அது பொலிஸ் நீதிமன்ற வழக்கு.

அந்தச் சட்டத்துக்குள்ளும் பிறகு ஒரு வாசல் திறந்தது. 1889ஆம் ஆண்டின் 13ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், உழைத்த மாதம் முடிந்து அறுபது நாளுக்குள் கூலி கொடுக்கப்படாவிட்டால், வேலையை விட்டுப் போனதற்காகத் தொழிலாளியைத் தண்டிக்க முடியாது என்றது. எதிரிக்குக் கிடைத்த நல்ல எதிர்வாதம் இது. ஆனால் "எனக்குக் கூலி பாக்கி" என்று அவர் வாய் திறந்து சொன்னால்தானே அது வெளியே வரும்? செக்ரோல் இருந்தது தோட்டத்து ஒபீசில். சட்டம் எழுதப்பட்டிருந்தது ஆங்கிலத்தில். வாசல் இருப்பதே தெரியாதவருக்கு அது சுவர்தான்.

தண்டனைப் பிரிவுகளும் துண்டு முறையும் 1921ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கச் சட்டத்தால்தான் நீங்கின. ஆனாலும் வெளியாள் தோட்டத்துக்குள் கால் வைப்பது எளிதாக இருக்கவில்லை. தஞ்சாவூரிலிருந்து வந்த கோ. நடேசய்யர் புடவை வியாபாரியாக வேடமிட்டு லயங்களுக்குள் போனார் என்பார்கள். மூட்டை சுமந்து லயம் லயமாகப் போன நம் பாட்டன்மாரின் தொழில்தான் அவருக்கும் வழிகாட்டியது. 'தேசபக்தன்' பத்திரிகை வழியாகத் தொழிலாளரின் உரிமையைத் தமிழிலே பேசினார். 1931இல் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தைத் தொடங்கினார். 1936இல் ஹட்டன் தொகுதியிலிருந்து அரசாங்க சபைக்குப் போனார்.

இன்று வாசல்கள் கூடுதல். அவற்றில் நான்கையாவது நாம் தெரிந்து வைத்திருப்போம்.

ஒன்று, சட்டத்தரணி. 1978 அரசியலமைப்பின் 13(3)ஆம் உறுப்புரை, நேரிலோ சட்டத்தரணி மூலமோ நியாயமான விளக்கத்தில் தன் பக்கத்தைச் சொல்லும் உரிமையைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குத் தருகிறது. பணம் இல்லாதவருக்காக 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தால் சட்ட உதவி ஆணைக்குழு அமைக்கப்பட்டது.

இரண்டு, மொழி. வழக்கு நடக்கும் மொழி விளங்காவிட்டால் உரைபெயர்ப்பாளரைக் கேட்கலாம். 24ஆம் உறுப்புரை அதை அரசின் கடமையாக்கியிருக்கிறது. விளங்காத கேள்விக்குத் தலையாட்ட வேண்டியதில்லை.

மூன்று, சுற்றவாளி என்று சொல்வது. அது நீதவானை எதிர்ப்பது அல்ல, பொய் சொல்வதும் அல்ல. "முறைப்பாட்டுக்காரர் நிரூபிக்கட்டும்" என்பதுதான் அதன் பொருள். நிரூபிக்கும்வரை நாம் குற்றமற்றவர் என்று 13(5) சொல்கிறது.

நான்கு, அவசரத்தில் ஒத்துக்கொண்டவருக்கும் ஒரு வழி உண்டு. 1979ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 183ஆம் பிரிவின்படி, தண்டனை விதிக்கப்படும் முன், நீதவானின் அனுமதியோடு அந்த ஒப்புதலை மீளப் பெறலாம். தீர்ப்புக்குப் பிறகோ, தானாக ஒத்துக்கொண்டவருக்கு மேன்முறையீட்டு வழி மிகவும் குறுகிவிடும்.

செய்ததை ஒத்துக்கொள்வது நேர்மை. அதில் மறுபேச்சு இல்லை. செய்யாததை ஒரு நாள் பேருக்காக ஒத்துக்கொள்வது வேறு. அன்று மிச்சமாகும் அந்த நாட்கூலி பிறகு பொலிஸ் அறிக்கை கேட்கும் இடத்தில், வேலைக்கோ வெளிநாட்டுக்கோ போகும்போது, பல மடங்காகக் கழியலாம்.

கூலி பாக்கி என்று சொல்லத் தெரியாமல் சிறைக்குப் போனவர்களும் அந்த வரிசையில் நின்றிருப்பார்கள். அவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று நம் வகுப்பறைகளில் இருக்கிறார்கள். இதை வீட்டில் பெரியவர்களுக்கும் ஓ.எல். படிக்கும் பிள்ளைகளுக்கும் வாசித்துக் காட்டுங்கள். வழக்கு என்று வந்தால் முதலில் ஒரு சட்டத்தரணியிடம் கேளுங்கள். கூண்டில் ஏறிய பிறகு யோசிக்க நேரம் இருக்காது.