தாமதம்

வடமொழியில் ‘தமஸ்’ இருள். அதில் பிறந்த ‘தாமசம்’ சோம்பலும் மயக்கமும் சேர்ந்த குணம். தமிழில் அது ‘தாமதம்’ ஆகி, பிறகு காலக்கழிவைக் குறித்தது. ‘தாமசமாயிருச்சு’ என்று பேசுவோர் இன்றும் உண்டு. வழக்காடுவதில் தாமதித்தால் நீதிமன்றம் சொல்லும் ‘லாச்சஸ்’ பழைய பிரெஞ்சுச் சொல். தளர்ச்சி, அசட்டை என்று பொருள். இரண்டு சொல்லிலும் பழி தாமதித்தவர் மேல்தான். அலுவலகத்தில் மட்டும் ‘கோப்பு தூங்கியது’ என்போம். தூங்கியவர் யாரென்று சொல்வதில்லை!

நீதிமன்றத்திலோ, ஓய்வுபெற்றவர் பழைய பதவி உயர்வை விளக்கமில்லாமல் பல்லாண்டு கழித்துக் கேட்டால் மனு பெரும்பாலும் நிற்காது. ஓய்வூதியம் வேறு. அது மாதந்தோறும் மறுக்கப்படுவதால், அந்த மறுப்பு தொடரும் தவறு; தாமதித்த மனுவும் நிற்கும். 2008-இல் தர்செம் சிங் என்பவரின் ஓய்வூதிய வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்றது. ஆனால் நிலுவையை, மனுவுக்கு முந்தைய 3 ஆண்டுகளுக்கு மட்டுமே அனுமதித்தது.