கடலோர வீட்டின் சட்டகமும் அடைப்பும் (கோடியக்கரை)

சொந்த வீட்டுக்குக் கடைக்கால் முடிந்தபின் தூண், உத்திரம், தளம் எழுப்பி, சுவரும் கதவு ஜன்னலும் வைத்து அடைக்கும் கட்டம். நாகப்பட்டினம் மாவட்டம் வேதாரண்யம் வட்டத்தில், வங்கக் கடலும் பாக் நீரிணையும் சேருமிடத்தில் உள்ள கோடியக்கரையில் இந்தக் கட்டத்தைக் கண்ணும் கருத்துமாகப் பார்த்துக்கொள்ள வேண்டும். 2018 நவம்பர் 16 அன்று கரையேறிய கஜா புயல் இந்த வட்டாரத்தின் கூரை வீடுகளையும் ஓட்டு வீடுகளையும் சிதைத்தது.

புயல் எப்போதோ வரும். உப்புக்காற்று அன்றாடம் வீசுகிறது. உப்பு கான்கிரீட்டின் நுண்துளை வழியே இறங்கிக் கம்பியைத் துருவாக்கும். துரு பருத்துக் கான்கிரீட்டைப் பிளக்கும். அதனால்தான் இந்தியத் தரநிலை 456 (2000), கடலோரச் சூழலுக்கு எம்30 தரக் கான்கிரீட்டையும், கம்பியை மூடும் 45 மி.மீ. கான்கிரீட் கவரையும் கேட்கிறது; கடல்நீர்ச் சாரல் படுமிடத்தில் எம்35 தரமும் 50 மி.மீ. கவரும் வேண்டும். கம்பிக்கடியில் செங்கல் சில்லை வைப்பது பெருந்தீங்கு, சில்லு ஈரத்தை உறிஞ்சும். கான்கிரீட் கவர் பிளாக்கே சரி. தளம் போடும் நாளில் கொத்தனாரோடு நின்று, கம்பி மிதிபட்டுத் தாழ்ந்த இடங்களை வீட்டுக்காரர் பார்த்துவிட வேண்டும். கலவைக்கு எடுக்கும் கிணற்றுத் தண்ணீரில் லிட்டருக்கு 500 மி.கி.க்கு மேல் குளோரைடு இருந்தால் அந்தக் கிணறு ஆகாது.

தளம் தாங்கலுக்குத் தாங்கல் 4.5 மீட்டர் வரை நீண்டால் 7 நாள், அதற்கு மேல் நீண்டால் 14 நாள் கழித்தே முட்டுகளைப் பிரிக்கலாம். சென்ட்ரிங் வாடகைக்கு அஞ்சி முந்தக் கூடாது.

வடகிழக்குப் பருவமழை அக்டோபரில் தொடங்குவதால், அதற்குள் அடைப்பு வேலை முடிவது நல்லது. ஷீட் கூரை உள்ள வீட்டில், காற்று மோதும் பக்கத்து ஜன்னல் உடைந்தால் உள்ளே புகும் காற்று கூரையைக் கீழிருந்து தூக்கும். ஆகவே ஜன்னல் சட்டங்களைச் சுவரோடும் ஷீட்டுகளைக் கூரைச் சட்டத்தோடும் இறுகப் பிணைக்க வேண்டும்.