சிவப்பாய்த் தெரிந்ததெல்லாம் புண் என்ற காலம்

"வெள்ளைப்படுது சிஸ்டர், இடுப்பு விட்டுப்போகுது." பெண்கள் ஓ.பி.யில் வேலை பார்த்த எந்த நர்ஸுக்கும் இது பழகிய பேச்சு. திண்டுக்கல் மாவட்டத்தில் நான் நர்ஸாக இருந்த காலமெல்லாம் கேட்டிருக்கிறேன். கூட வந்த மாமியார் வெளியே போனால்தான் அதுவும் வாயில் வரும். உடம்புச் சூடு என்பார்கள், எலும்பு உருகிப் போகிறது என்பார்கள். வெந்தயம் ஊறவைத்துக் குடித்து, நல்லெண்ணெய் தேய்த்துக் குளித்து, எதற்கும் அடங்காத பிறகுதான் ஆஸ்பத்திரி.

டாக்டர் பார்த்துவிட்டுச் சீட்டில் எழுதுவது பெரும்பாலும் இரண்டில் ஒன்றாக இருக்கும்: 'செர்விசைடிஸ்' அல்லது 'எரோஷன்'. முதலாவது கருப்பை வாய் அழற்சி. இரண்டாவதை அந்தப் பெண்ணிடம் 'கர்ப்பப்பை வாயில் புண்' என்று சொல்லி அனுப்புவோம். நான் பயிற்சிக்குச் சேர்ந்த காலத்தில் இரண்டையும் ஒரே நோயாகத்தான் எல்லாரும் பேசினார்கள். 'புண்' என்று கேட்ட பெண் அடுத்து என்ன நினைப்பாள் என்பது எனக்குத் தெரியும். புண் என்றால் புற்று என்று நினைப்பாள். அல்லது புருஷனிடமிருந்து ஒட்டியது என்று நினைப்பாள். இரண்டுமே அவள் தூக்கத்தைக் கெடுக்கப் போதும்.

அந்தப் புண் பெரும்பாலும் புண்ணே அல்ல. கருப்பை வாயின் வெளிப்புறத்தை மூடியிருப்பது பல அடுக்குகள் கொண்ட தடித்த தோல். அது வெளிர் இளஞ்சிவப்பாக இருக்கும். உள் குழாயை மூடியிருப்பது ஒற்றை அடுக்கு. அடியில் ஓடும் ரத்தக் குழாய்கள் அதன் வழியே தெரிவதால் நல்ல சிவப்பு. பருவம் எய்தும்போதும், கர்ப்பத்திலும், கருத்தடை மாத்திரை சாப்பிடும்போதும் உள் அடுக்கு கொஞ்சம் வெளியே புரண்டு வரும். வாயைச் சுற்றி ஒரு சிவந்த வட்டம் தெரியும், சளி கொஞ்சம் கூடுதலாகச் சுரக்கும். அது உடம்பின் இயல்பு. அழற்சி என்பது வேறு: கிருமி புகுந்து, சீழ் கலந்த மஞ்சள் சளி வந்து, பஞ்சு பட்டாலே ரத்தம் கசிவது. அதிலும் கொடுமை, பல பெண்களுக்கு எந்தத் தொந்தரவும் இல்லாமலே அது உள்ளே இருக்கும்.

இந்த இரண்டையும் பிரித்தறியாமல் மருத்துவம் நூறு வருஷத்துக்கு மேல் ஓடியது. அதன் கதையை நான் ஓய்வு பெற்ற பிறகுதான் உட்கார்ந்து படித்தேன்.

பெண்ணுறுப்பை விரித்து உள்ளே பார்க்கும் கருவியான ஸ்பெகுலம் மிகப் பழையது. கி.பி. 79-இல் எரிமலைச் சாம்பலில் புதைந்த பொம்பேயில் திருகு வைத்த வெண்கலக் கருவி கிடைத்திருக்கிறது. பிறகு நெடுங்காலம் அது பெரிதாகப் புழக்கத்தில் இல்லை. 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாரிஸில் ரெகாமியே என்ற மருத்துவர் வெறும் குழாய் வடிவில் அதை மீண்டும் கொண்டுவந்தார். அங்கே படித்துவிட்டு லண்டன் திரும்பிய ஜேம்ஸ் ஹென்றி பென்னெட் 1845-இல் கருப்பைக் கழுத்தின் அழற்சியையும் புண்ணையும் பற்றி ஒரு நூல் எழுதினார். பெண்களின் இடுப்பு வலி, வெள்ளைப்படுதல், சோர்வு, பிள்ளை தங்காமை எல்லாவற்றுக்கும் கருப்பை வாயின் அழற்சியும் அதில் வரும் புண்ணுமே வேர் என்பது அவர் கட்சி. கண்ணாலேயே பார்க்க முடிகிற ஒரு காரணம் கிடைத்ததும் மருத்துவர்கள் அதைப் பற்றிக்கொண்டார்கள். வெள்ளி நைட்ரேட் குச்சியால் சுட்டார்கள். அதற்கு அடங்காததைக் கடுங்காரம் வைத்துக் கரித்தார்கள். கருப்பை வாயில் அட்டை விட்டு ரத்தம் உறிஞ்ச வைத்ததும் உண்டு.

எதிர்ப்பும் வந்தது. 1850-இல் ராபர்ட் லீ என்ற மருத்துவர் லண்டனில் ராயல் மெடிக்கல் அண்ட் கிருர்ஜிக்கல் சொசைட்டியில் கருவியையே எதிர்த்து ஒரு கட்டுரை படித்தார். அவருக்கும் அவர் பக்கம் நின்றவர்களுக்கும் கவலை பெரும்பாலும் ஒழுக்கம் பற்றியது. கருவி பெண்களைக் கெடுத்துவிடும் என்று பேசினார்கள். எனக்கு அதில் மரியாதை இல்லை. சார்லஸ் வெஸ்ட் கேட்டதுதான் மருத்துவக் கேள்வி. 1854-இல் ராயல் காலேஜ் ஆஃப் பிசிஷியன்ஸில் அவர் ஆற்றிய சொற்பொழிவுகளில், இந்தப் 'புண்' உள்ள பெண்களையும் இல்லாத பெண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். வலியும் வெள்ளையும் இரு பக்கமும் இருந்தன. அப்படியானால் புண் எப்படிக் காரணமாகும்? 1870-களின் பிற்பகுதியில் பெர்லினில் கார்ல் ரூகேயும் யோஹான் ஃபைட்டும் அந்தத் திசுவை நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்து, அங்கே தோல் உரிந்துபோகவில்லை, ஒற்றை அடுக்கு முழுசாக மூடியிருக்கிறது என்று காட்டினார்கள். விஷயம் அன்றே முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. சுடும் குச்சி போய் மின்சாரக் கம்பி வந்தது, பிறகு உறையவைக்கும் கருவி வந்தது. சிவப்பு வட்டத்தைக் கண்டால் சுட்டுவிடும் வழக்கம் மட்டும் ஒரு தலைமுறையிடமிருந்து அடுத்த தலைமுறைக்குக் கைமாறியது. நான் வேலைக்குச் சேர்ந்தபோதும் அது இருந்தது. சுட்ட பிறகு வாரக்கணக்கில் நீர் நீராகப் போகும், அந்தப் பெண்கள் துணி மாற்றிக்கொண்டே அலைவார்கள்.

கருவியின் கதையில் மறக்கக் கூடாத பெயர்கள் மூன்று உண்டு. நாங்கள் தினமும் கொதிக்கவைத்து எடுத்த சிம்ஸ் ஸ்பெகுலம், அமெரிக்காவில் அலபாமா மாநிலத்து மாண்ட்கோமரியில் மேரியன் சிம்ஸ் 1840-களில் கரண்டிக் காம்பை வளைத்து உருவாக்கியது. அவர் யார்மேல் சோதித்துக் கற்றார் என்றால் அடிமைப் பெண்கள்மேல்: அனார்ச்சா, பெட்சி, லூசி. மயக்க மருந்து கிடையாது. பிரசவக் கிழிசலைத் தைக்க அனார்ச்சாவுக்கு மட்டும் முப்பது அறுவைகள். கருவிக்கு அவர் பெயரை வைத்து எங்களுக்குப் பாடம் நடத்தினார்கள். அந்தப் பெண்களின் பெயரை ஒருவரும் சொல்லவில்லை. நர்ஸிங் பாடத்தில் அது சேர வேண்டும் என்பது என் ஆசை.

அடுத்ததாக அந்தக் கருவியைச் சட்டம் கையில் எடுத்தது. ராணுவச் சிப்பாய்களுக்கு வெட்டை நோய் பரவுகிறது என்று இங்கிலாந்தில் 1864, 1866, 1869-இல் தொற்றுநோய்ச் சட்டங்கள் வந்தன. பாலியல் தொழில் செய்கிறாள் என்று போலீஸ் சந்தேகப்பட்ட பெண்ணைக் கருவி வைத்துச் சோதிக்கலாம். நோய் என்று தோன்றினால் அடைத்து வைக்கலாம், 1869-க்குப் பிறகு ஒன்பது மாதம் வரை. ஜோசஃபின் பட்லர் இதை எதிர்த்து ஊர் ஊராகப் பேசினார். 1886-இல் அங்கே சட்டம் நீக்கப்பட்டது. இந்தியாவில் 1868-இல் வந்த 14-ஆம் சட்டம் சென்னையிலும் அமலானது. பெயர் பதிந்து, சீட்டு வாங்கி, குறித்த நாளில் போய்ச் சோதனைக்குப் படுக்க வேண்டும். நோயுள்ளவர்களை வைக்கும் இடத்துக்கு லாக் ஆஸ்பத்திரி என்று பெயர். 1888-இல்தான் அது ரத்தானது.

அந்தச் சோதனையில் டாக்டர் எதைப் பார்த்திருப்பார்? சிவப்பையும் சளியையும்தான். இயல்பான சிவப்பு வட்டம் உள்ளவள் அடைபட்டிருப்பாள். தொந்தரவே காட்டாத உண்மையான அழற்சி உள்ளவள் சுத்தம் என்று சீட்டோடு திரும்பியிருப்பாள். அவளிடம் வந்த ஆணைச் சோதிக்கச் சட்டத்தில் இடமே கிடையாது.

அதே சென்னையில், அதே வருஷங்களில், இன்னொரு கூட்டம் பெண்கள் ஆண் டாக்டர் தொடக் கூடாது என்ற கட்டுப்பாட்டால் யாரும் பார்க்காமலே நோயிலும் பிரசவத்திலும் செத்துக்கொண்டிருந்தார்கள். வக்கீல் ஒருவரின் மனைவியாகச் சென்னைக்கு வந்த மேரி ஷார்லிப் இதைக் கேள்விப்பட்டுத்தான் மருத்துவம் படிக்கத் துணிந்தார். 1875-இல் சென்னை மருத்துவக் கல்லூரி பெண்களுக்குக் கதவு திறந்தபோது உள்ளே போன நால்வரில் அவர் ஒருவர். லண்டனில் மேற்படிப்பு முடித்துத் திரும்பி, 1885-இல் கோஷாப் பெண்களுக்கான, அதாவது திரைமறைவில் வாழ்ந்த பெண்களுக்கான ஆஸ்பத்திரி உருவாகக் காரணமானார். இன்று திருவல்லிக்கேணியில் கஸ்தூரிபா காந்தி மருத்துவமனையாக இருப்பது அதுதான். பெரியவர்கள் வாயில் இன்னும் கோஷா ஆஸ்பத்திரிதான். ஒரே ஊரில் ஒரு சாராரை இழுத்துவந்து படுக்கவைத்தார்கள், இன்னொரு சாராரை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. இரண்டிலும் அந்தப் பெண்ணின் விருப்பத்தை யாரும் கேட்கவில்லை.

உண்மையான அழற்சியைக் காட்டிக்கொடுத்தது பிள்ளைகளின் கண். பிரசவத்தின்போது தாயிடமிருந்து கிருமி தொற்றி, பிறந்த சில நாளில் கண்ணில் சீழ் கட்டி, பார்வையே போன குழந்தைகள் ஐரோப்பாவில் ஏராளம். 1879-இல் ஆல்பர்ட் நைஸர் வெட்டைக் கிருமியைக் கண்டார். மறு வருஷம் லைப்ஸிக்கில் கார்ல் கிரெடே, பிறந்த குழந்தையின் கண்ணில் 2 சதவீத வெள்ளி நைட்ரேட் ஒரு சொட்டு விடத் தொடங்கினார். நூற்றுக்குப் பத்தளவில் இருந்த கண்நோய் ஒன்றுக்கும் கீழே இறங்கியது. தாய்மார்களின் உடம்பில் சிவப்பைச் சுட்டு வீணாக்கிய அதே மருந்து, அவர்கள் பெற்ற பிள்ளைகளின் கண்ணைக் காப்பாற்றியது. தாய்க்குத் தொந்தரவே இல்லாமல் கருப்பை வாயில் கிருமி இருக்க முடியும் என்பதும் அதனால் உறைத்தது. 1907-இல் ஜாவாவில் ஹால்பெர்ஸ்டாட்டரும் புரோவாசெக்கும் கண் சுரண்டலில் கண்ட நுண்ணுருவங்கள், சில வருஷங்களுக்குள் கண்நோய் கண்ட குழந்தைகளைப் பெற்ற தாய்மார்களின் கருப்பை வாய்ச் செல்களிலும் தென்பட்டன. அதுதான் கிளமீடியா. குழந்தையில்லை என்று கோயில் கோயிலாக அலையும் பெண்களில் சிலரது கருக்குழாயை ஓசையில்லாமல் அடைத்துவைப்பது அதுவே.

ஆனாலும் கருப்பை வாய் அழற்சிக்குத் திட்டமான அடையாளம் சொல்ல 1984 வரை ஆனது. சியாட்டிலில் பிரன்ஹாமும் கூட்டாளிகளும், வாயின் உள்ளிருந்து எடுத்த வெள்ளைப் பஞ்சில் மஞ்சள் தெரிகிறதா, நுண்ணோக்கியில் சீழ்ச் செல்கள் எத்தனை என்று வரையறுத்தார்கள். ஆணுக்கு வரும் சிறுநீர்த்தாரை அழற்சிக்கு ஈடான பெண்ணின் நோய், யாரும் கவனியாமல் விட்டது என்பது அவர்கள் கட்டுரைத் தலைப்பின் சாரம். அந்தத் தலைப்பைப் படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. கவனியாமல் விட்டவர்கள்தான் இத்தனை காலமும் அதே இடத்தைச் சுட்டுக்கொண்டிருந்தார்கள்.

நம் நாட்டில் நிலைமையைப் போட்டு உடைத்தவர் மருத்துவர் ராணி பங். மகாராஷ்டிரத்தின் கட்சிரோலியில் இரண்டு ஊர்களில் 650 பெண்களைச் சோதித்து, 1989-இல் லான்செட் இதழில் எழுதினார். 92 சதவீதம் பேருக்குப் பெண்ணுறுப்புச் சார்ந்த நோய் இருந்தது. கருப்பை வாய் அழற்சி ஏறத்தாழப் பாதிப் பேருக்கு. அதற்கு முன் உள்சோதனை செய்துகொண்டவர்கள் நூற்றுக்கு எட்டுப் பேர்தான். எரோஷனையும் அந்த ஆய்வு நோயாகவே எண்ணியது. இன்று எண்ணினால் கணக்கு சற்றுக் குறையும். ஆனால் பிரசவம், குடும்பக் கட்டுப்பாடு தவிரப் பெண்ணுக்கு உடம்பே இல்லை என்பதுபோல நடந்த அரசுத் திட்டங்களை உலுக்கியது அந்த ஆய்வுதான்.

எங்கள் திண்டுக்கல் மாவட்டத்திலும் ஒரு பெரிய வேலை நடந்தது. 2000-இல் தொடங்கி, 30 முதல் 59 வயதுப் பெண்களுக்குக் கருப்பை வாய்ப் புற்றுச் சோதனை. பயிற்சி பெற்ற நர்ஸுகள் கருப்பை வாயில் அசெட்டிக் அமிலம், அதாவது வினிகரில் இருக்கும் அமிலம், தடவிக் கண்ணால் பார்த்தார்கள். அழைக்கப்பட்ட 49,311 பேரில் 31,343 பேர் வந்தார்கள். சோதனை நடந்த ஊர்களில் அந்தப் புற்றால் வரும் சாவு 35 சதவீதம் குறைந்தது என்று 2007-இல் ஆய்வை நடத்திய சங்கரநாராயணன் குழுவினர் வெளியிட்டார்கள். இந்தச் சோதனையில் சிவப்பு ஒரு பொருட்டே அல்ல. இரண்டு தோலும் சந்திக்கும் கோட்டில் அமிலம் பட்டு வெண்திட்டு எழுகிறதா என்பதுதான் கேள்வி. சிவந்த வட்டத்தைப் பார்த்து, 'இது இயல்பு, ஒன்றும் செய்யாதே' என்று நர்ஸுகளுக்குச் சொல்லிக்கொடுத்த பயிற்சி அது. வெஸ்ட் சொல்லி ஒன்றரை நூற்றாண்டு ஆகியிருந்தது.

இப்போது அரசு மருத்துவமனையில் கருப்பை வாய் அழற்சி என்று தெரிந்தால் சாம்பல் நிறப் பொட்டலம் ஒன்று கொடுப்பார்கள். அதில் அசித்ரோமைசின் 1 கிராம், செஃபிக்சைம் 400 மில்லிகிராம், ஒரே வேளை. விதிப்படி அதே பொட்டலம் கணவனுக்கும் உண்டு. அவனுக்கு மருந்து போகாவிட்டால் அவளுக்குத் திரும்பவும் வரும். எங்கள் ஓ.பி.யில் கணவனைக் கூட்டிவரச் சொன்னால் பெண்கள் தலையைக் குனிந்துகொள்வார்கள். சிலர் பொட்டலத்தைச் சத்து மாத்திரை என்று சொல்லிக் கொடுத்துவிடுகிறேன் என்று என் காதில் சொன்னார்கள். லாக் ஆஸ்பத்திரிச் சட்டம் ஆணைக் கூப்பிடவே இல்லை. இன்றைய விதி கூப்பிடுகிறது. கூப்பிடும் வேலையை மட்டும் அந்தப் பெண்ணின் தலையில் வைக்கிறது. அதை ஆஸ்பத்திரி ஏற்க வேண்டும். அவள் பெயரைச் சொல்லாமல் அவனுக்கு ஆளனுப்பி வரவழைத்து, விளக்கிச் சொல்லி, எதிரிலேயே மாத்திரையை விழுங்க வைக்க ஒரு ஆண் ஊழியர் வேண்டும் என்று மாதக் கூட்டங்களில் திரும்பத் திரும்பக் கேட்டேன். இன்னும் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன்.