எம். வி. ராஜம்மா

எம். வி. ராஜம்மா பேசும்படத்தின் தொடக்கக் காலத்திலேயே கன்னடத்திலும் தமிழிலும் கதாநாயகியாக நடித்தவர். கன்னடத் திரையுலகின் முதல் பெண் தயாரிப்பாளர். தமிழ் ரசிகர்களுக்கு அவர் வெறும் ‘அம்மா நடிகை’. ‘பாவ மன்னிப்பு’ (1961), ‘கர்ணன்’ (1964) இரண்டிலும் சிவாஜிக்குத் தாயாக வந்ததே அதற்குக் காரணம். கர்ணனின் குந்தி நல்ல வேடம்தான். ஆனால் அதற்கு முன்பு கால் நூற்றாண்டுக்கும் மேலாக அவர் திரையில் இருந்தார்.

பெங்களூரை அடுத்த அகண்டனஹள்ளியில் பிறந்து, நாடக மேடை வழியாகச் சினிமாவுக்கு வந்தார். முதல் படம் ‘சம்சார நௌகா’ (1936). எச். எல். என். சிம்ஹா இயக்கிய இப்படத்தைத் தயாரித்தது சென்னையின் தேவி பிலிம்ஸ். புராணக் கதைகளே ஓடிக்கொண்டிருந்த அந்நாளில் கன்னடத்தில் வந்த முதல் சமூகப் படம் என்று இதைச் சொல்வார்கள். ஜோடியாக நடித்தவர் குப்பம் பகுதியில் பிறந்த பி. ஆர். பந்துலு. பின்னாளில் ‘கர்ண’னை எடுத்தவரும் அவரே.

கன்னடப் படம் சென்னையில் தயாரானதில் வியப்பில்லை. முதல் கன்னடப் பேசும்படமான ‘சதி சுலோசனா’வே (1934) கோலாப்பூரில் எடுக்கப்பட்டதுதான். ஸ்டுடியோ இருந்த ஊருக்கு நடிகர்கள் போனார்கள்.   அன்றைய சினிமா உலகில் தமிழ், கன்னடம், தெலுங்கு மூன்றும் கலந்தே புழங்கின.

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘உத்தம புத்திரன்’ (1940) படத்தில் ராஜம்மா நாயகி. டி. ஆர். சுந்தரம் இயக்கத்தில் பி. யு. சின்னப்பா இரட்டை வேடம் போட்ட படம் அது. அடுத்த ஆண்டே டி. கே. எஸ். சகோதரர்களுடன் ‘குமாஸ்தாவின் பெண்’. 1943-இல் ‘ராதா ரமணா’ என்ற கன்னடப் படத்தைத் தாமே தயாரித்தார். இயக்கியவர் ‘சதி சுலோசனா’வின் நாயகன் சுப்பய்ய நாயுடு. உலகப் போரால் கச்சா பிலிமுக்குத் தட்டுப்பாடு. படத்தின் நீளம் 11,000 அடியைத் தாண்டக்கூடாது என்று அரசு வரம்பும் கட்டியிருந்தது. அந்த நேரத்தில் ஒரு நடிகை படம் எடுக்கத் துணிந்தது சாமானியக் காரியமல்ல. ஜி. வி. ஐயரும் பாலகிருஷ்ணாவும் அறிமுகமானது இப்படத்தில்தான்.

தமிழில் அவர் உச்சம் தொட்டது சிட்டாடல் நிறுவனத்தின் ‘ஞானசௌந்தரி’யில் (1948). டி. ஆர். மகாலிங்கம் நாயகன், இயக்கம் எஃப். நாகூர். மாற்றாந்தாயின் சூழ்ச்சியால் கைகள் வெட்டப்பட்டு, மாதாவின் அருளால் அவற்றைத் திரும்பப் பெறும் பெண்ணின் கதை; நாடக மேடையில் பல காலம் ஆடப்பட்டது. மாதாவை வேண்டிப் பாடும் சிறுமி, அந்தப் பாட்டு முடிவதற்குள் வளர்ந்து ராஜம்மாவாகிவிடுகிறாள். சிறுமிக்குக் குரல் கொடுத்தவர் ஜிக்கி, ராஜம்மாவுக்கு பி. ஏ. பெரியநாயகி. முகம் மாறும்போது குரலும் மாறுகிறது. படம் பெரும் வெற்றி பெற்றது. அதே கதையை எடுத்திருந்த ஜெமினி எஸ். எஸ். வாசன், தம் படத்தைத் தியேட்டர்களிலிருந்து திரும்பப் பெற்றுக்கொண்டார்.